மெதுவாக எழுந்தவர்: ஜிம் பிரவுனின் ஆட்டமும் அவர் விட்டுச் சென்றதும்

எதிரணியினர் மடக்கிக் கீழே தள்ளிய ஒவ்வொரு முறையும் ஜிம் பிரவுன் மெதுவாகத்தான் எழுந்தார். பலமாக அடிபட்டிருந்தாலும், அடியே படாவிட்டாலும், அவர் எழும் விதத்தில் எந்த வேறுபாடும் இருக்காது. மேலே குவிந்து கிடந்தவர்கள் விலகும்வரை பொறுத்திருப்பார். கையை ஊன்றி, ஒரு முழங்காலில் நிமிர்ந்து, வயது முதிர்ந்தவரைப் போலத் தன் அணியினர் கூடி நிற்கும் இடத்துக்குத் தளர்நடை போடுவார். அடுத்த நொடி பந்து கைக்கு வந்தால், அதே மனிதர் மூன்று பேரை உதறிவிட்டு ஓடிக்கொண்டிருப்பார். இது அவர் யோசித்து ஏற்படுத்திக்கொண்ட பழக்கம். எப்போதும் ஒரே விதமாக எழுந்தால், உண்மையாகவே வலிக்கும் நாளில் எதிரிக்கு அது தெரியாது என்று அவரே பின்னாளில் பலமுறை விளக்கியிருக்கிறார்.

1957 முதல் 1965 வரை ஒன்பது சீசன்கள் மட்டுமே கிளீவ்லாண்ட் பிரவுன்ஸ் அணிக்கு ஆடிய அவரை, அமெரிக்கக் கால்பந்தின் தலைசிறந்த ஆட்டக்காரர் என்று இன்றும் பலர் சொல்கிறார்கள். எண்கள் அதற்கு ஆதாரம் தருகின்றன. ஆனால் எண்களைக் காட்டிலும் அந்த மெதுவான எழுச்சியே அவரைப் புரிந்துகொள்ளச் சரியான வாசல் என்று எனக்குத் தோன்றுகிறது. தன் உடல், தன் உழைப்பு, தன் வலி ஆகியவற்றின் மீது வேறு எவருக்கும் அதிகாரம் இருக்கக் கூடாது என்ற பிடிவாதம் அவருடைய ஆட்டத்திலும், அவர் ஆட்டத்தை விட்ட விதத்திலும், அதன்பின் செய்த அரசியலிலும் ஒரே நூலாக ஓடுகிறது. அவருடைய வாழ்வின் இருண்ட பக்கத்திலும் அதே நூல்தான் ஓடுகிறது.

இந்த ஆட்டத்துக்குப் பழகாத வாசகருக்காக ஒரு சிறு விளக்கம் தேவை. அமெரிக்கக் கால்பந்தில் பந்தை வைத்திருக்கும் அணிக்கு நான்கு முயற்சிகள் உண்டு. அவற்றுக்குள் 10 யார்டு, அதாவது ஏறக்குறைய 9 மீட்டர், முன்னேறிவிட்டால் மேலும் நான்கு முயற்சிகள் கிடைக்கும். முன்னேறாவிட்டால் பந்து எதிரணிக்குப் போய்விடும். முன்னேறுவதற்கு இரண்டு வழிகள் இருக்கின்றன. குவாட்டர்பேக் எனப்படும் அணியின் மூளை பந்தைத் தொலைவில் உள்ள சக வீரருக்கு வீசலாம். அல்லது பின்னால் நிற்கும் ஒருவரிடம் அதைக் கொடுக்க, அவர் அதை மார்போடு அணைத்துக்கொண்டு எதிரணிச் சுவரில் கிடைக்கும் இடைவெளிக்குள் புகுந்து ஓடலாம். பிரவுன் அப்படி ஓடுபவர். ஓர் ஓட்டத்துக்குச் சராசரியாக 4 யார்டு எடுப்பவர் நல்ல ஆட்டக்காரர் என மதிக்கப்படுவார். பிரவுனின் வாழ்நாள் சராசரி 5.2. அதாவது சராசரிக் கணக்கில் பார்த்தால், அவரிடம் இரண்டு முறை பந்தைக் கொடுத்தாலே அந்த 10 யார்டு வந்துவிடும்.

அவர் 1936 பிப்ரவரி 17 அன்று ஜார்ஜியா மாநிலக் கடலோரத்தில் உள்ள செயின்ட் சைமன்ஸ் தீவில் பிறந்தார். தாயார் வீட்டு வேலை தேடி நியூயார்க் பக்கம் போய்விட, சிறுவனைக் கொள்ளுப்பாட்டி வளர்த்தார். எட்டு வயதில் லாங் ஐலண்டில் உள்ள மன்ஹாசெட் என்ற ஊரில் தாயாருடன் சேர்ந்தார். வசதியான வெள்ளையர் குடும்பங்கள் நிறைந்த அந்த ஊரின் உயர்நிலைப் பள்ளியில் ஐந்து விளையாட்டுகளில் 13 முறை பள்ளி அணிக்கான சிறப்பு முத்திரையைப் பெற்றார். அப்படிப்பட்ட மாணவரைக் கல்லூரிகள் தேடி வந்திருக்க வேண்டும், வந்தன. ஆனால் ஊரின் வழக்கறிஞரும் சைரக்யூஸ் பல்கலைக்கழகத்தின் பழைய மாணவருமான கென்னத் மொல்லாய் அவரை அங்கே போகச் சொன்னார். அந்தப் பல்கலைக்கழகமோ அவருக்குக் கால்பந்துக்கான உதவித்தொகை எதையும் ஒதுக்கவில்லை. மொல்லாய் ஊர்க்காரர்களிடம் பணம் திரட்டி முதலாண்டுச் செலவை ஈடுகட்டினார். தனக்கு உதவித்தொகை இருப்பதாகவே நம்பிச் சென்ற பிரவுன், தன் அணியில் தான் ஒருவரே கறுப்பர் என்பதையும், பயிற்சியாளர்கள் தன்னை வேண்டா வெறுப்பாக நடத்துவதையும் அங்கே போய்த்தான் கண்டார்.

விலகிவிடும் எண்ணம் அவருக்கு வராமலில்லை. ஆனால் நின்றார். 1956-இல், இறுதியாண்டில், எட்டு ஆட்டங்களில் 986 யார்டு ஓடினார். கோல்கேட் பல்கலைக்கழகத்துக்கு எதிரான ஒரே ஆட்டத்தில் ஆறு டச்டவுன்களையும் (எதிரணியின் எல்லைக்கோட்டுக்கு அப்பால் பந்தைக் கொண்டு சேர்ப்பது, ஆறு புள்ளி) அதன்பின் அடிக்கும் ஒரு புள்ளிக்கான கூடுதல் உதைகள் ஏழையும் சேர்த்து 43 புள்ளிகளைத் தனியாக எடுத்தார். கல்லூரி ஆட்டத்தின் உயரிய விருதான ஹைஸ்மன் கோப்பைக்கான வாக்கெடுப்பில் அந்த ஆண்டு அவருக்குக் கிடைத்தது ஐந்தாம் இடம். கோப்பையைப் பெற்றவர், பத்து ஆட்டங்களில் எட்டில் தோற்ற நோட்டர் டேம் அணியைச் சேர்ந்த பால் ஹார்னங். அதுவரை கறுப்பர் எவரும் அந்தக் கோப்பையை வென்றதில்லை என்பதைச் சேர்த்துப் பார்த்தால் அந்த வாக்கெடுப்பின் தன்மை விளங்கும்.

கால்பந்து ஒன்று மட்டுமே அவருடைய திறமை என்று எண்ணிவிடக் கூடாது. வட அமெரிக்கப் பழங்குடியினர் வலைகட்டிய தடிகளால் ஆடிவந்த லக்ராஸ் ஆட்டத்தில் அவர் காட்டிய வல்லமை, அதை அறிந்தவர்களிடையே கால்பந்துக்குச் சமமாகப் பேசப்படுகிறது. கல்லூரியின் கடைசி ஆண்டில் பத்து ஆட்டங்களில் 43 கோல் அடித்தார். பின்னாளில் லக்ராஸ் புகழ் மண்டபத்திலும் அவருக்கு இடம் கிடைத்தது. லக்ராஸில் பிழைப்புக்கு வழி இருந்திருந்தால் அவர் எதைத் தேர்ந்திருப்பார் என்று கேட்பது வெறும் கற்பனைக் கேள்வியன்று. அந்த ஆட்டத்தின் மீது தமக்கிருந்த காதலை அவர் கடைசிவரை சொல்லிக்கொண்டே இருந்தார்.

கல்லூரி வீரர்களைத் தொழில்முறை அணிகள் வரிசை முறையில் தேர்ந்தெடுக்கும் 1957-ஆம் ஆண்டுத் தேர்வில் கிளீவ்லாண்ட் பிரவுன்ஸ் அவரை ஆறாவது தேர்வாக எடுத்தது. அணியின் பெயர் ஜிம் பிரவுனால் வந்ததன்று. அதை உருவாக்கிய பயிற்சியாளர் பால் பிரவுனால் வந்தது. பால் பிரவுன் கண்டிப்பானவர். திரைப்படச் சுருள்களைப் போட்டுப் பார்த்து எதிரணியை ஆராய்வது, ஒவ்வொரு நகர்வையும் தாமே தீர்மானித்து ஆட்டக்காரர் மூலம் களத்துக்குச் சொல்லியனுப்புவது என இந்த ஆட்டத்தை ஓர் அலுவலகம் போல ஒழுங்கு செய்தவர். 1933-க்குப் பின் தொழில்முறைக் கால்பந்து எழுதாச் சட்டமாகக் கறுப்பர்களை விலக்கி வைத்திருந்த நிலையில், 1946-இல் மேரியன் மோட்லி, பில் வில்லிஸ் இருவரையும் அணியில் சேர்த்தவரும் அவரே. இந்த மனிதரிடம் போய்ச் சேர்ந்தது ஜிம் பிரவுனுக்குப் பேறாகவும் இருந்தது, சில ஆண்டுகளில் பெரும் நெருக்கடியாகவும் ஆனது.

முதல் ஆண்டிலேயே 942 யார்டுடன், என்.எஃப்.எல். எனப்படும் தேசியக் கால்பந்து லீகில் முதலிடம் பெற்றார். லாஸ் ஏஞ்சலஸ் ராம்ஸ் அணிக்கு எதிராக ஒரே நாளில் ஓடிய 237 யார்டு அன்றைய என்.எஃப்.எல். சாதனை. அடுத்த ஆண்டு, 12 ஆட்டங்களே கொண்ட சீசனில் 1,527 யார்டு எடுத்தார். சுமார் 188 செ.மீ. உயரமும் 105 கிலோ எடையும் கொண்ட அவர், அக்காலத்தில் தம்மைத் தடுக்க நின்ற பலருக்கு நிகரான உடற்கட்டோடு, மெலிந்தவர்களுக்கே உரிய வேகத்தையும் வைத்திருந்தார். மோதித் தள்ளவும் விலகி ஓடவும் தெரிந்தவரிடம், எதிரில் நிற்பவர் எதற்குத் தயாராக வேண்டும் என்பதே குழப்பமாகிவிடும். அவர் ஓடியதைக் காட்டும் கறுப்பு வெள்ளைப் படச்சுருள்களை இன்று பார்த்தாலும், பிடித்துவிட்டதாக நினைத்த கைகள் வெறுமனே நழுவுவதைத்தான் திரும்பத் திரும்பக் காண்கிறோம்.

அவரைத் தடுத்தவர்களும் உண்டு. 1958 டிசம்பர் 21 அன்று, கிழக்குப் பிரிவின் முதலிடத்துக்கான ஆட்டத்தில், டாம் லாண்ட்ரி வகுத்த தடுப்பாட்டமும் சாம் ஹஃப் என்ற நியூயார்க் ஜயன்ட்ஸ் வீரரும் சேர்ந்து, ஏழு ஓட்டங்களில் 8 யார்டுக்கு மேல் எடுக்க விடாமல் அவரைக் கட்டிப்போட்டார்கள். ஜயன்ட்ஸ் 10-0 என்று வென்றது. சக வீரர்களுக்காக எதிரியைத் தடுத்துக் கொடுக்கும் வேலையில் அவர் ஆர்வம் காட்டவில்லை என்ற குறையும் அன்றே எழுந்தது. அது பொய்க் குற்றச்சாட்டு அன்று. பந்தைச் சுமப்பதே தம் வேலை என்று அவர் கருதினார்.

பால் பிரவுனுடனான பிணக்கு 1962-இல் முற்றியது. மணிக்கட்டுக் காயத்தோடு ஆடிய அந்த ஒரே ஆண்டில்தான் அவர், 996 யார்டில் நின்று, லீகின் முதலிடத்தை கிரீன் பே அணியின் ஜிம் டெய்லரிடம் இழந்தார். ஒவ்வொரு நகர்வையும் வெளியிலிருந்து ஆணையிடும் முறை காலத்துக்கு ஒவ்வாமல் போய்விட்டது என்ற வீரர்களின் அதிருப்தி, 1961-இல் அணியை வாங்கியிருந்த ஆர்ட் மோடெலின் காதுக்கு எட்டியது. மோடெலுக்கும் பால் பிரவுனோடு வேறு காரணங்களால் ஒத்துப்போகவில்லை. 1963 ஜனவரியில் பால் பிரவுன் நீக்கப்பட்டார். அவருடைய உதவியாளர் பிளாண்டன் காலியர் பொறுப்பேற்றார்.

இந்த மாற்றத்தின் விளைவை விளக்குவது அவசியம், ஏனெனில் ஒருவருடைய மேதைமை எந்தச் சூழலில் மலர்கிறது என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டும் நிகழ்வு அவர் வாழ்வில் இல்லை. இன்ன இடைவெளியில்தான் ஓட வேண்டும் என்று முன்கூட்டி முடிவு செய்வதைக் காலியர் தளர்த்தினார். ஜீன் ஹிக்கர்சன், ஜான் வூட்டன், டிக் ஷஃப்ராத் முதலிய முன்வரிசை வீரர்கள் எதிராளியை அவர் சாயும் பக்கமே தள்ளிவிட, அந்தக் கணத்தில் திறக்கும் வழியை ஓடுபவரே தேர்ந்தெடுக்கலாம். முடிவெடுக்கும் உரிமை ஓடுபவருடைய கண்ணுக்கும் காலுக்கும் வந்தது. அந்த ஆண்டு ஜிம் பிரவுன் 14 ஆட்டங்களில் 1,863 யார்டு ஓடினார். ஓட்டத்துக்குச் சராசரி 6.4 யார்டு, ஆட்டத்துக்கு 133. ஒரு சீசனுக்கான அந்தச் சாதனை 1973-இல் ஓ.ஜே. சிம்சன் 2,003 யார்டு எடுக்கும்வரை பத்தாண்டுகள் நின்றது.

1964 டிசம்பர் 27 அன்று, வெற்றி வாய்ப்பு அதிகம் என்று கணிக்கப்பட்ட பால்டிமோர் கோல்ட்ஸ் அணியை கிளீவ்லாண்ட் 27-0 என்று வீழ்த்தி லீகின் பட்டத்தை வென்றது. பிரவுன் 114 யார்டு ஓடினார் என்றாலும், அன்றைய நாயகர்கள் குவாட்டர்பேக் ஃபிராங்க் ரையனும், அவர் வீசிய மூன்று டச்டவுன் பந்துகளைப் பிடித்த கேரி காலின்ஸும்தான். பிரவுன் வென்ற ஒரே பட்டம் அது. 2016-இல் கூடைப்பந்து அணி கோப்பையைக் கொண்டுவரும்வரை, 52 ஆண்டுகள் கிளீவ்லாண்ட் நகரின் பெரிய அணிகள் வேறெந்தப் பட்டத்தையும் காணவில்லை.

அடுத்த ஆண்டு 1,544 யார்டு, 21 டச்டவுன், மீண்டும் ஆண்டின் சிறந்த ஆட்டக்காரர் விருது. 1966 ஜனவரி 2 அன்று கிரீன் பேயின் சேற்றுக் களத்தில் நடந்த பட்ட ஆட்டத்தில் கிளீவ்லாண்ட் 23-12 என்று தோற்றது. லீகில் அதுவே அவருக்குக் கடைசிப் போட்டி என்று அன்று எவருக்கும் தெரியாது, அவருக்கும் தெரியாது.

உச்சத்தில் இருக்கும்போதே தாமாக விலகியவர் என்று அவரைப் பற்றிச் சொல்லப்படுவது பாதி உண்மையே. இன்னும் ஓர் ஆண்டு ஆடிவிட்டு ஓய்வு பெறவே அவர் எண்ணியிருந்தார். 1966 கோடையில் 'தி டர்ட்டி டசன்' படத்தில் நடிக்க இங்கிலாந்து சென்றபோது, மழையால் படப்பிடிப்பு நீண்டது; அணியின் பயிற்சி முகாம் தொடங்கும் நாள் வந்தது. முகாமுக்கு வராவிட்டால் அபராதம் என்று மோடெல் அறிவித்தார். உரிமையாளர் ஒருவர் தொழிலாளிக்கு விடுக்கும் வழக்கமான மிரட்டல்தான் அது. அன்றைய ஆட்டக்காரருக்கு அணி மாறும் உரிமை நடைமுறையில் இல்லை. உரிமையாளரிடம் பணிவதைத் தவிர அவருக்கு வழியுமில்லை. ஆனால் பிரவுனுக்குத் திரைப்பட வாய்ப்பு என்ற வேறு வழி இருந்தது. ஜூலை மாதம், படப்பிடிப்புத் தளத்திலிருந்தே, 30 வயதில், ஓய்வை அறிவித்தார். மோடெலுக்கு மரியாதையான ஒரு கடிதமும் எழுதினார். ஆட்டத்தை விட்டதைக் காட்டிலும், தாம் விலைபேசி வாங்கிய பொருளல்ல என்று காட்டியதுதான் அன்றைய கறுப்பின விளையாட்டு வீரர்களுக்கு அவர் விட்டுச் சென்ற பெரிய பாடம் என்று நான் கருதுகிறேன்.

மொத்தக் கணக்கு இது: 118 ஆட்டங்கள், ஒன்றைக்கூடத் தவறவிடவில்லை. ஓட்டத்தில் 12,312 யார்டு, அதாவது 11 கிலோமீட்டருக்கும் அதிகமான தொலைவு. அத்தனையும் தம்மை வீழ்த்த வந்தவர்களுக்கு நடுவே. மொத்தம் 126 டச்டவுன். ஒன்பது ஆண்டுகளில் எட்டு முறை லீகின் முதலிடம். அவருடைய ஓட்டச் சாதனையை 1984 அக்டோபரில் வால்டர் பேட்டன் கடந்தார். இன்று முதலிடத்தில் இருக்கும் எம்மிட் ஸ்மித்தின் கணக்கு 18,355. ஆனால் ஸ்மித்துக்கு அதற்கு 15 சீசன்களும் 226 ஆட்டங்களும் தேவைப்பட்டன. ஆட்டத்துக்கு இத்தனை யார்டு என்று வகுத்துப் பார்த்தால் பிரவுனின் சராசரி 104.3. வாழ்நாள் சராசரி 100-ஐத் தாண்டியவர் என்.எஃப்.எல். வரலாற்றில் அவர் ஒருவரே; 1999-இல் அவரைப் போலவே திடீரென விலகிய பாரி சாண்டர்ஸ் 99.8 வரை வந்து நின்றார்.

ஆட்டம் முடிந்தபின் அவர் கையில் எடுத்த ஆயுதம் பொருளாதாரம். பேருந்தில் அமரும் உரிமையும் வாக்குரிமையும் போராட்டத்தின் மையமாக இருந்த காலத்தில், கையில் முதலும் தொழிலும் இல்லாத உரிமை நிலைக்காது என்று வாதிட்ட அவர், 1960-களின் நடுவில் கறுப்பின விளையாட்டு வீரர்களைக் கொண்டு ஒரு பொருளாதாரச் சங்கத்தைத் தொடங்கினார். கறுப்பினத் தொழில் முனைவோருக்குக் கடனும் ஆலோசனையும் தருவது அதன் பணி.

அந்தச் சங்கத்தின் கிளீவ்லாண்ட் அலுவலகத்தில்தான் 1967 ஜூன் 4 அன்று புகழ்பெற்ற அந்தக் கூட்டம் நடந்தது. வியட்நாம் போருக்கான படைச் சேர்க்கையை ஏப்ரல் 28 அன்று ஹூஸ்டனில் மறுத்த முகமது அலியின் அருகே ஜிம் பிரவுன், கூடைப்பந்து வீரர்களான பில் ரஸ்ஸல், பின்னாளில் கரீம் அப்துல்-ஜப்பார் ஆன லூ ஆல்சிண்டர் ஆகியோர் அமர்ந்திருக்கும் புகைப்படத்தைப் பலர் பார்த்திருப்பார்கள். அலிக்கு ஆதரவு தெரிவிக்கவே எல்லாரும் கூடினார்கள் என்று படம் சொல்வதுபோல் தோன்றுகிறது. நடந்தது அவ்வளவு எளிமையானதன்று. அலியின் மேலாளரே பிரவுனிடம் பேசிப் பார்க்கச் சொல்லியிருந்தார். அலியின் குத்துச்சண்டைகளை ஒளிபரப்பும் நிறுவனத்தில் பிரவுனுக்குப் பங்கும் இருந்தது. வந்தவர்களில் சிலர் தாமே படையில் பணியாற்றியவர்கள். சமரசத்துக்கு அலியை இணங்க வைக்கலாம் என்ற எண்ணத்தோடு வந்தவர்களும் இருந்தனர். மூடிய கதவுக்குள் பல மணி நேரம் அலியைக் கேள்விமேல் கேள்வி கேட்டபின், அவருடைய நம்பிக்கை உண்மையானது என்று ஏற்று, வெளியே வந்து செய்தியாளர்களிடம் ஒன்றாக நின்றார்கள். முன்பே முடிவெடுத்துவிட்டு ஒருவர் பக்கம் நிற்பது எளிது. தங்கள் ஐயத்தை அவர் முகத்துக்கு நேரே வைத்து, பதிலால் மனம் மாறி, தொழிலுக்கும் பெயருக்கும் கேடு வரும் என்று தெரிந்தே துணை நிற்பது அரிது. அந்தக் கூட்டத்தில் இருந்த வழக்கறிஞர் கார்ல் ஸ்டோக்ஸ் அதே ஆண்டு நவம்பரில் கிளீவ்லாண்ட் மேயராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அமெரிக்கப் பெருநகரம் ஒன்றுக்கு மக்கள் தேர்ந்த முதல் கறுப்பின மேயர் அவர். அலியின் தண்டனையை உச்ச நீதிமன்றம் 1971 ஜூன் 28 அன்று ரத்து செய்தது.

1988-இல் பிரவுன் தொடங்கிய 'அமெர்-ஐ-கேன்' திட்டம் சிறைக் கைதிகளுக்கும் தெருக் கும்பல்களில் சிக்கிய இளைஞர்களுக்கும் வாழ்க்கைத் திறன்களைக் கற்பித்தது. ஒருவரையொருவர் கொல்லத் துடித்த கும்பல்களின் தலைவர்கள் லாஸ் ஏஞ்சலஸ் குன்றின் மேலிருந்த அவருடைய வீட்டின் கூடத்தில் உட்கார்ந்து பேசினார்கள். அவர்கள் முன் அவர் பேசிய பேச்சு எப்போதும் தன்னடக்கம் பற்றியதே.

இங்கேதான் அவருடைய வாழ்வின் கடினமான பகுதியை எழுத வேண்டியிருக்கிறது. பெண்களைத் தாக்கியதாக 1960-கள் தொடங்கி அவர்மீது பலமுறை குற்றச்சாட்டு எழுந்தது. 1965 வழக்கில் நடுவர் குழு அவரை விடுவித்தது. வேறு சில வழக்குகள் கைவிடப்பட்டன. 1999-இல் மனைவியின் காரை மண்வெட்டியால் அடித்து நொறுக்கிய வழக்கில் அவர் குற்றவாளி என்று தீர்ப்பாயிற்று. குடும்ப வன்முறை குறித்த ஆலோசனைக்கும் சமூகப் பணிக்கும் உடன்பட்டால் சிறைக்குப் போக வேண்டியதில்லை என்ற நிலையில், அவர் மறுத்து, 2002-இல் 66 வயதில் சிறைக்குச் சென்று மாதக்கணக்கில் இருந்துவிட்டு வந்தார். அவரைப் போற்றுவோர் இதை ஓரிரு வரியில் கடந்து செல்வது வழக்கம், அது நேர்மையாகாது. எவருக்கும் பணியாத அந்த உறுதி, அதிகாரம் தம் பக்கம் இருந்த வீட்டுக்குள் பிறரை அச்சுறுத்தும் ஆத்திரமாக மாறியிருக்கிறது. களத்தின் பெருமையைக் காட்டி அதை மன்னிக்கவும் முடியாது. அதைக் காட்டிக் களத்தில் நடந்ததை இல்லையென்று ஆக்கவும் முடியாது.

அரசியலிலும் அவரை ஒரு பக்கத்தில் கட்டி வைக்க முடியவில்லை. 1968-இல் நிக்சனை ஆதரித்தார். 2018-இல் வெள்ளை மாளிகைக்குச் சென்று டிரம்பைச் சந்தித்தார். இன அநீதியை எதிர்த்து, தேசிய கீதத்தின்போது மண்டியிட்ட கால்பந்து வீரர் காலின் கேபர்னிக்கின் வழி தமக்கு உடன்பாடானதல்ல என்றும் சொன்னார். அலியின் பக்கம் நின்ற மனிதரா இவர் என்று வருந்தியவர்கள் பலர். எந்த அதிபரானாலும் பேசிக் காரியம் சாதிக்க வேண்டும் என்ற பழைய கணக்கையே அவர் மாற்றிக்கொள்ளாமல் வைத்திருந்தார் என்று தோன்றுகிறது. அந்தக் கணக்கு 2018-இல் பிழையாகிவிட்டது என்பதே என் எண்ணம்.

2016-இல் கிளீவ்லாண்ட் அரங்கின் வெளியே அவருக்குச் சிலை வைக்கப்பட்டது. ஆனால் அவருடைய நினைவு இன்னும் அழுத்தமாகப் பதிந்திருப்பது சைரக்யூஸில், 44 என்ற எண்ணில். வேண்டா வெறுப்பாகத் தம்மைச் சேர்த்துக்கொண்ட அதே பல்கலைக்கழகத்துக்காக, எர்னி டேவிஸ் என்ற இளைஞரை நேரில் பேசி வரவழைத்தவர்களில் பிரவுனும் ஒருவர். பிரவுன் அணிந்த 44-ஐ டேவிஸ் அணிந்தார். 1961-இல் ஹைஸ்மன் கோப்பையை வென்ற முதல் கறுப்பரானார். அவரைப் பெறுவதற்காகத் தேர்ந்த ஆட்டக்காரரான பாபி மிட்செலை வாஷிங்டன் அணிக்கு விட்டுக்கொடுத்தது கிளீவ்லாண்ட். 44 அணிந்த இருவரும் ஒரே களத்தில் பக்கம் பக்கமாக ஓடுவதைக் காண நகரமே காத்திருந்தது. டேவிஸுக்கு இரத்தப் புற்றுநோய் வந்தது. ஒரு தொழில்முறை ஆட்டம்கூட ஆடாமல், 23 வயதில், 1963 மே 18 அன்று அவர் இறந்தார். ஜிம் பிரவுன் லாஸ் ஏஞ்சலஸில் தம் 87-ஆம் வயதில் இறந்தது 2023 மே 18 அன்று.